அம்மாவை முதலாளி ஆக்கினார்கள்

நடந்தவை, நடந்த வரிசையில்:

1. வருடக்கணக்கில் ஷூ தைத்த அம்மாவின் வலது மணிக்கட்டு மரத்துப்போனது.
2. தொழிலாளர்களுக்குக் கொடுக்கும் ஆஸ்பத்திரி கார்டு தனக்கும் வேண்டும் என்று அம்மா கேட்டாள்.
3. நீங்கள் தொழிலாளியே இல்லை, தொழில்முனைவோர் என்று அவளுக்குச் சொல்லப்பட்டது.
4. தெருப் பெண்கள் அம்மாவின் பெயரில் தைக்க ஆரம்பித்தார்கள்.
5. ஊசியையே தொடாத அந்த மாதங்களுக்காக அம்மாவுக்குச் சிறந்த தொழில்முனைவோர் விருது கிடைத்தது.
6. விருது மேடையில் அம்மா உண்மையைச் சொன்னாள்.
7. அதற்காக அவளை முதலாளி ஆக்கினார்கள்.

பரிசோதனைக்கூடத்தில் வேலை செய்வதால் எதையும் எண் போட்டு எழுதிப் பழகிவிட்டது. எண் போட்டு எழுதினால் ஒன்றிலிருந்து அடுத்தது எப்படி வந்தது என்று தானாகத் தெரியும் என்றுதான் கல்லூரியில் சொல்லிக்கொடுத்தார்கள். இந்த ஏழு வரிகளை எத்தனை முறை படித்தாலும் எனக்கு அப்படித் தெரியவில்லை. அதனால் விரிவாக எழுதிப் பார்க்கிறேன்.

நான் தோல் தொழில்நுட்பம் படித்தவள். ஆம்பூர் பக்கம் ஏற்றுமதிக்கு ஷூ செய்யும் ஒரு கம்பெனியில் இருக்கிறேன். தோலை இழுத்து எங்கே கிழிகிறது என்று பார்ப்பது, மடக்கி மடக்கி எப்போது விரிசல் விடுகிறது என்று பார்ப்பது, ஈரத்தில் சாயம் கசிகிறதா என்று பார்ப்பது என் வேலை. ஒரு தோல் எத்தனை மடிப்புத் தாங்கும் என்று சொல்ல எங்களிடம் இயந்திரம் இருக்கிறது. அதைத் தைக்கும் கை எத்தனை மடிப்புத் தாங்கும் என்பதற்கு இயந்திரம் இல்லை. ஷூ வாங்கும் வெளிநாட்டுக்காரர்கள் அந்த அறிக்கையை இதுவரை கேட்கவில்லை.

அதே கம்பெனியின் ஷூவைத்தான் அம்மா வீட்டில் உட்கார்ந்து தைத்தாள். ஷூவின் மேல்பாகத்தை எங்கள் பக்கம் அப்பர் என்போம். சில வகை ஷூக்களில் அப்பரின் முன்பக்கத்தைக் கையால்தான் தைக்க வேண்டும்; மெஷினில் தோலைச் சுருக்கிப் பிடிக்கும் அந்தத் தையல் வராது. துளை போட்ட அப்பர்களை மூட்டையாகக் கட்டி, ஏஜெண்ட் தன் மொபட்டில் கொண்டுவந்து தெருவில் இறக்குவார். பெண்கள் விரலில் சைக்கிள் டியூப் துண்டைச் சுற்றிக்கொண்டு, மெழுகு பூசிய நூலை இரண்டு பக்கமும் இழுத்து இழுத்துத் தைப்பார்கள். ஜோடிக் கணக்கில் கூலி. எங்கள் காலனியில் மாமியார் மருமகள் சண்டைகூட நூலை இழுத்துக்கொண்டேதான் நடக்கும்.

அம்மாவின் கை முதலில் காலையில் மட்டும் மரத்தது. பிறகு சாப்பிடும்போது சோறு விரலிடுக்கில் நழுவியது. வேலூரில் ஒரு டாக்டர் பார்த்துவிட்டு, மணிக்கட்டில் நரம்பு நசுங்குகிறது, சின்ன ஆபரேஷன்தான், ஆனால் அதற்குப் பிறகு மாதக்கணக்கில் அந்தக் கைக்கு ஓய்வு கொடுக்க வேண்டும் என்றார்.

"அரசாங்க ஆஸ்பத்திரியில பண்ணிக்கலாம். ஓய்வுக்கு நான் பாத்துக்கறேன்" என்று பஸ்சிலேயே சொன்னேன்.

"இன்னாத்த பாத்துக்குவ?"

"சம்பளம் வருதில்ல."

"உன் கையா தெச்சுது?" என்று கேட்டுவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். பள்ளிகொண்டா தாண்டிய பிறகு திரும்பிப் பார்க்காமலே சொன்னாள்: "அவங்க ஷூ தெச்சு போன கை. கார்டு அவங்க குடுக்கட்டும்."

கார்டு என்று அவள் சொன்னது, ஃபேக்டரிக்குள் வேலை செய்கிறவர்களுக்குக் கிடைக்கும் மருத்துவக் காப்பீட்டு அட்டை. அது இருந்தால் வைத்தியமும் கிடைக்கும், வேலைக்குப் போக முடியாத நாட்களுக்குச் சம்பளத்தில் ஒரு பங்கும் கிடைக்கும். அம்மாவுக்கு இரண்டையும்விட மூன்றாவது ஒன்று வேண்டியிருந்தது. அந்தக் கை எங்கே போனது என்று அவர்கள் எழுத்தில் ஒப்புக்கொள்ள வேண்டும். இந்தக் கதை முழுவதும் அந்த ஒரு அட்டைக்காகத்தான்.

அடுத்த மூட்டை வந்தபோது ஏஜெண்டைக் கேட்டாள். தெருவில் அவரை எல்லோரும் பாய் என்று கூப்பிடுவார்கள்.

"இன்னாக்கா புதுசா கேக்கற?" என்றார் பாய். "கார்டு ஃபேக்டரி உள்ளார வேலை செய்றவங்களுக்கு. நீ வூட்ல உக்காந்து தெக்கிற."

"நான் வூட்ல உக்காந்தா, ஷூவும் வூட்லயா உக்காந்துனு இருக்குது? கம்பெனிக்குதான போவுது?"

"அதெல்லாம் பேஜாரு புடிச்ச கேள்விக்கா. மேல கேட்டு சொல்றேன்."

பாய் மேலே கேட்டாரோ இல்லையோ, மேலேயிருந்து பதில் வந்தது. அந்தச் சமயத்தில் எங்கள் கம்பெனி மேலாளர்கள் எல்லோரும் ஏலகிரிக்குப் போய் இரண்டு நாள் தங்கி யோசித்துவிட்டு வந்திருந்தார்கள். அவர்கள் மலைக்குப் போய்வந்தால் கீழே யாருக்காவது பெயர் மாறும் என்பது ஃபேக்டரியில் எல்லோருக்கும் தெரியும். ஒருமுறை போய்வந்தபோது ஆட்குறைப்புக்குச் 'சீரமைப்பு' என்று பெயர் வந்தது. இந்த முறை வீட்டில் தைக்கும் பெண்களுக்குத் 'தொழில்முனைவோர் பங்காளி' என்று பெயர் வந்தது.

ஆம்பூரில் ஒரு கல்யாண மண்டபத்தில் பயிற்சி வகுப்பு. அம்மாவுக்குத் துணையாக நானும் போனேன். ஃபேக்டரிக்கு வெள்ளிக்கிழமைதான் வார விடுமுறை என்பதால் அன்றைக்கு வைத்தார்கள். வீட்டில் தைக்கிறவர்களுக்கு வெள்ளியும் இல்லை, ஞாயிறும் இல்லை என்பதை யாரும் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை. சொந்தத் தொழில் செய்கிறவர்களுக்கு எதற்கு லீவு? சென்னையிலிருந்து ஒரு பயிற்சியாளர் வந்திருந்தார். "வேலை தேடாதீர்கள், வேலை கொடுங்கள்" என்று பெண்களை மூன்று முறை திருப்பிச் சொல்ல வைத்தார். அவர்களும் பள்ளிக்கூடத்தில் வாய்ப்பாடு சொல்வதுபோலச் சொன்னார்கள். பிறகு, இனிமேல் நீங்கள் யாருக்கும் கூலியாள் இல்லை, உங்கள் நேரம் உங்களுடையது, உங்கள் உழைப்புக்குச் சந்தைதான் விலை சொல்லும், உங்கள் உயர்வுக்கும் தாழ்வுக்கும் நீங்களே பொறுப்பு என்றார்.

"அப்போ கைக்கு?" என்று அம்மா எழுந்து கேட்டாள்.

"கை உங்களோட முதலீடும்மா. அதை நல்லா பார்த்துக்கணும்" என்றார் பயிற்சியாளர். கைதட்டல் எழுந்தது. முதல் தட்டல் பாயுடையது.

அவர் பேச்சு எனக்கு எங்கேயோ படித்ததுபோல இருந்தது. கம்பெனி வேனில் போகும்போதும் வரும்போதும் ஃபோனில் தேடிப் படித்தேன். இதற்கென்று ஒரு வம்சாவளியே இருக்கிறது. இரண்டாம் உலகப் போர் முடிந்த சமயத்தில், ஐரோப்பாவில் ஒரு மலைமேல் இருக்கும் விடுதியில் சில அறிஞர்கள் கூடிக் கவலைப்பட்டிருக்கிறார்கள். அரசாங்கங்கள் மக்களுக்கு நிறையச் செய்ய ஆரம்பித்துவிட்டன, இப்படியே போனால் மனிதனின் சுதந்திரம் என்னாகும் என்பது கவலை. அங்கேயும் மலைதான். மலைக்காற்றில் ஏதோ இருக்கிறது.

அவர்கள் பேச்சை அப்போது பலரும் பொருட்படுத்தவில்லை. பல வருடம் ஊறப்போட்ட பிறகு, தென் அமெரிக்காவில் ஒரு நாட்டில் முதன்முதலாகப் பெரிய அளவில் செய்து பார்த்தார்கள். அங்கே அப்போது ராணுவ ஆட்சி. மனிதனின் சுதந்திரத்துக்கான கொள்கை துப்பாக்கியின் காவலில் அரங்கேறியது. அடுத்து ஆங்கிலம் பேசும் இரண்டு பெரிய நாடுகளில் அது அரியணை ஏறியது. பொதுச் சொத்தை விற்பது, சங்கத்தை உடைப்பது, வரியைக் குறைப்பது, மீதியைச் சந்தையிடம் விடுவது என்று ஆனது. அதன்பிறகு கடன் கேட்டு வந்த ஏழை நாடுகளுக்குக் கடனோடு நிபந்தனையாகச் சேர்த்துக் கட்டி அனுப்பினார்கள். நம் நாட்டுக்குத் தொண்ணூறுகளின் தொடக்கத்தில் வந்தது. அப்போது கஜானாத் தங்கம் அடகுக்குப் போயிருந்தது. அடகுக் கடை வாசலில் நிற்கிறவர்கள் கொள்கை விவாதம் செய்வதில்லை.

இதில் எனக்குப் பிடித்த பகுதி எங்கள் ஊர்ப் பகுதி. எங்கள் பாலாற்றங்கரையில் ஷூ ஃபேக்டரிகள் முளைத்ததே அரசாங்கம் தலையிட்டதால்தான். அரைகுறையாகப் பதனிட்ட தோலை மூட்டை கட்டிக் கப்பலேற்றிக்கொண்டிருந்த காலத்தில், அப்படியே அனுப்பாதே, பொருளாகச் செய்து அனுப்பு என்று எழுபதுகளில் கட்டுப்பாடு கொண்டுவந்தார்கள். அந்தக் கட்டுப்பாட்டில் பிறந்து, மானியத்தில் தவழ்ந்து, தோல் கழிவுநீரைச் சுத்தம் செய்யும் பொது நிலையத்துக்கும் அரசுப் பணம் வாங்கி வளர்ந்த தொழில் இது. வளர்ந்த பிள்ளை இப்போது வாசலில் நின்று, அரசாங்கம் எதிலும் தலையிடக் கூடாது, அவரவர் தன் காலில் நிற்கப் பழக வேண்டும் என்று அம்மாவிடம் சொல்கிறது. அந்தக் கழிவுநீர் ஓடிய பாலாறு மட்டும் தன் காலில் நிற்கும் நிலையில் இல்லை. அதனிடம் யாரும் இதைச் சொல்லவில்லை.

ஆக அந்த மலையில் கிளம்பிய யோசனை, இரண்டு மூன்று கண்டங்களைச் சுற்றிவிட்டு, கடைசியில் பாயின் மொபட்டில் அப்பர் மூட்டைக்கு மேல் உட்கார்ந்து எங்கள் தெருவுக்கு வந்து இறங்கியது.

வந்து இறங்கியது என்றால் சும்மா வரவில்லை. ஆளுக்கொரு டேக் வந்தது. ஒவ்வொரு ஷூவும் யார் கையால் தைக்கப்பட்டது என்று தெரிய வேண்டும் என்று வாங்கும் கம்பெனி கேட்டதாம். ஒவ்வொரு பெண்ணின் பெயரிலும் அச்சடித்த சீட்டு. தைத்த ஜோடியோடு அதைக் கட்டி அனுப்ப வேண்டும். ரிஜெக்ட் குறைவாக இருந்தால் மதிப்பெண் ஏறும், ஜாஸ்தியானால் இறங்கும். தொடர்ந்து சில வாரம் ஜோடி வராத டேக் ரத்தாகிவிடும். போட்டி இருந்தால்தான் தரம் உயரும் என்று எங்கள் மனிதவள மேலாளர் விளக்கினார். பாய் அதைச் சுருக்கமாக மொழிபெயர்த்தார்: "சரியா தெக்கலன்னா மூட்டைய வாலாஜாபேட்டை பக்கம் திருப்பிடுவாங்க. அப்பறம் என்னைய கேக்காதீங்க."

அம்மாவால் தைக்க முடியவில்லை. டேக் ரத்தாகிவிட்டால், தைத்தாள் என்பதற்கு இருக்கும் கடைசி அடையாளமும் போய்விடும், பிறகு கார்டுக்கு வாயே திறக்க முடியாது. இதை அவள் யாரிடமும் சொல்லவில்லை. சொல்ல வேண்டியும் இருக்கவில்லை. எதிர்வீட்டு அக்கா வந்து அம்மாவின் பங்கு அப்பர்களில் ஒரு கை எடுத்துக்கொண்டு போனார். பக்கத்து வீட்டிலிருந்து ஒருத்தி வந்து மீதியை எடுத்துக்கொண்டாள். தைத்து, அம்மாவின் டேகைக் கட்டி, அம்மாவின் மூட்டையில் வைத்தார்கள்.

இது எங்கள் தெருவில் புதிதில்லை. பிரசவமோ சாவோ வந்தால் அந்த வீட்டுப் பங்கை மற்றவர்கள் தைத்துக் கொடுப்பார்கள். கூலி வந்ததும் தைத்தவளுக்குப் போய்விடும். கை குடுக்கறது என்பார்கள். அவர்கள் செய்த தவறு ஒன்றுதான். டேக் என்ற ஒன்று வந்துவிட்டது, இனி ஒவ்வொருத்தியும் மற்றவளுக்குப் போட்டி என்று மண்டபத்தில் பாடம் நடத்தினார்களே, அதை வாய்ப்பாடாக ஒப்பித்துவிட்டு வீட்டுக்கு வந்து வழக்கம்போல நடந்துகொண்டார்கள்.

சில மாதங்கள் கழித்து, பரிசோதனைக்கூடத்துக்கு வெளியே அறிவிப்புப் பலகையில் பங்காளிகளின் மதிப்பெண் பட்டியல் ஒட்டினார்கள். முதலிடத்தில் அம்மா. ரிஜெக்ட் கிட்டத்தட்ட இல்லை. எதிர்வீட்டு அக்கா நடுவில் எங்கேயோ இருந்தார்.

எனக்கு அது தொழில்நுட்பப் புதிராகத் தோன்றியது. அதே கை, அதே ஊசி, அதே நூல். தன் டேகில் தைத்தால் நடுவரிசை, அம்மா டேகில் தைத்தால் முதலிடம். வீட்டுக்குப் போய் அக்காவையே கேட்டேன்.

"இதுல இன்னாம்மா கீது?" என்றார் அக்கா, வாயில் நூலைக் கடித்துக்கொண்டே. "என் ஷூ ரிஜெக்ட் ஆனா நான் திட்டு வாங்கிப்பேன். உங்கம்மா பேர்ல போறது ரிஜெக்ட் ஆச்சுன்னா? கையும் போச்சு, பேரும் போச்சுன்னு ஆவாதா? அதான் ஒரு தபா பிரிச்சிகூட தெச்சேன்."

சுயநலம்தான் தரத்தை உயர்த்தும் என்பது அந்த மலைக் கொள்கையின் அஸ்திவாரம். எங்கள் தெருவின் புள்ளிவிவரம் அதற்கு நேர் எதிராக இருந்தது. ஆனால் அறிவிப்புப் பலகையில் இதை எழுத இடம் இல்லை. அங்கே பெயருக்கு ஒரு கட்டம், மதிப்பெண்ணுக்கு ஒரு கட்டம் மட்டும்தான்.

அடுத்த வாரம் விருது என்று அறிவித்தார்கள். வாங்கும் கம்பெனியின் பிரதிநிதி வெளிநாட்டிலிருந்து வருகிறார், அவர் கையால் கேடயம், மேடையிலேயே ஒரு அப்பரைத் தைத்துக் காட்ட வேண்டும், சில வார்த்தை பேச வேண்டும். என் அம்மா என்று தெரிந்ததும், நீங்களே மொழிபெயர்த்துவிடுங்கள் என்று மனிதவள மேலாளர் மகிழ்ச்சியோடு சொன்னார்.

வீட்டில் அதைச் சொன்னபோது எதிர்வீட்டு அக்காதான் முதலில் சிரித்தார். "இன்னாமே, சும்மா குந்திகினு இருந்ததுக்கு கப்பு குடுக்கறாங்களா? எனக்கும் எழுதி வைக்க சொல்லு, நானும் குந்திக்கறேன்."

எனக்குச் சிரிப்பு வரவில்லை. டேக் மாற்றித் தைத்தது தெரிந்தால் தெருவுக்கே மூட்டை நின்றுவிடும். அம்மாவிடம், காய்ச்சல் என்று சொல்லிவிடு, நான் போய் வாங்கிக்கொள்கிறேன் என்றேன்.

"போவாம?" என்றாள் அம்மா. "பாய் கிட்ட கேட்டேன், மண்டபத்துல அந்தாளு கிட்ட கேட்டேன். ஷூ வாங்கறவன் கிட்ட இன்னும் கேக்கல. அவனே வந்து நிக்கிறான், போயி கேக்க வேணாமா?"

"தைச்சுக் காட்டச் சொல்வாங்கம்மா."

"பாத்துக்கலாம்."

அந்த வெள்ளிக்கிழமை அதே மண்டபம். மேடையில் ஒரு மேசை, அதன்மேல் அப்பர், நூல், ஊசி, எல்லாவற்றையும் சுற்றி ஒரு ரோஜா மாலை. ஆயுத பூஜை போல இருந்தது. அம்மா வலது கையைச் சேலைத் தலைப்புக்குள் வைத்துக்கொண்டு ஏறினாள். பிரதிநிதி வணக்கம் சொன்னார், நன்றாகப் பழகிக்கொண்டு வந்திருந்தார். மனிதவள மேலாளர் மைக்கை அம்மாவிடம் நீட்டி, "உங்க வெற்றியோட ரகசியத்தை எல்லாருக்கும் சொல்லுங்கம்மா" என்றார்.

"நான் தெக்கல சார்" என்றாள் அம்மா.

முன்வரிசையில் பாய் தலையில் கை வைத்தார்.

"கை மரத்துப்போயி மாசக்கணக்கா ஆவுது. சோறு அள்ள முடியல, இதுல நான் எங்க தெக்கிறது? இவளுங்கதான் தெச்சாளுங்க, என் பேர்ல. கப்பு அவளுங்களுக்கு குடுங்க. எனக்கு ஆஸ்பத்திரி கார்டு ஒண்ணு குடுத்தீங்கன்னா போதும்."

நான் ஒரு வார்த்தை கூட்டாமல், ஒரு வார்த்தை குறைக்காமல் ஆங்கிலத்தில் சொன்னேன். பிரதிநிதி தலையை ஆட்டிக்கொண்டே கேட்டார். 'அவர்கள் என் பெயரில் தைத்தார்கள்' என்ற இடத்தில் அவர் முகம் மலர்ந்தது. கார்டு பற்றிய வாக்கியத்தை நான் முடிப்பதற்குள் கைதட்ட ஆரம்பித்துவிட்டார். அவர் தட்டினால் எல்லோரும் தட்டுவார்கள். அம்மாவின் கோரிக்கை அந்தக் கைதட்டலுக்கு அடியில் போய்விட்டது. இரண்டாவது முறை சொன்னேன். அதற்குள் அவர் பேச ஆரம்பித்திருந்தார்.

இந்தப் பெண்மணி தனி ஆளாக ஆரம்பித்து, இப்போது தானே தைக்க வேண்டிய தேவையில்லாமல் பிறருக்கு வேலை பிரித்துக் கொடுக்கும் நிலைக்கு உயர்ந்திருக்கிறார், தரத்தையும் உயர்த்தியிருக்கிறார், இதைத்தான் நாங்கள் உலகம் முழுக்கத் தேடுகிறோம் என்றார். அவர் கிண்டல் செய்யவில்லை. கண்கள் கொஞ்சம் ஈரமாகக்கூட இருந்தன. நசுங்கிய நரம்பை அவர் நிர்வாகத் திறமை என்று புரிந்துகொண்டார். அவர் படித்த படிப்பில் அதற்கு வேறு கட்டம் இல்லை போலிருக்கிறது.

தைத்துக் காட்டும் நேரம் வந்தது. அம்மா மேசையைப் பார்த்தாள். எதிர்வீட்டு அக்கா கூட்டத்திலிருந்து எழுந்து, "நகுருங்க, நான் தெக்கிறேன்" என்று மேடையேறி, மாலையைத் தள்ளிவிட்டுத் தைக்க ஆரம்பித்தார். இவர் பயிற்சியும் கொடுக்கிறார் என்று அம்மாவைக் காட்டிச் சொல்லிவிட்டு, பிரதிநிதி அதையும் படம் எடுத்துக்கொண்டார்.

கேடயத்தில் ஏற்கெனவே 'வேலை தேடாதீர்கள், வேலை கொடுங்கள்' என்று பொறித்திருந்தது. அதற்குக் கீழே ஒரு வரியைச் சாப்பாடு முடிவதற்குள் சேர்த்துவிட்டார்கள்: 'எங்கள் காலணிகளுக்காகத் தன் தெருவில் பல பெண்களுக்கு வேலை அளிப்பவர்.' ஆம்பூரில் பிரியாணி சாப்பிடும் நேரத்தில் எதுவும் நடக்கும். இலையில் கத்திரிக்காய் வைக்கும்போதே பாய்க்கும் செய்தி சொல்லப்பட்டது. இனி அந்தத் தெருவுக்கு ஏஜெண்ட் தேவையில்லை, இடைத்தரகர் ஒழிக்கப்பட்டார், மூட்டை நேராக அம்மாவிடம் இறங்கும். ரிஜெக்ட் ஆனாலும் பொறுப்பு அம்மாவுடையது. பாய் பிரியாணியைப் பிசைந்துகொண்டே இருந்தார். சாப்பிடவில்லை.

கை கழுவும் இடத்தில் அம்மா மனிதவள மேலாளரைப் பிடித்தாள். "சார், கார்டு?"

"இப்ப நீங்க முதலாளிம்மா" என்றார் அவர், அன்பாகத்தான். "முதலாளிக்கு கார்டு கிடையாது. சொல்லப்போனா, உங்க கிட்ட தைக்கிறவங்களுக்கு நீங்கதான் கார்டு எடுத்துக் குடுக்கணும். குடுக்கறீங்களா?"

அம்மா வேனில் போய் ஏறிக்கொண்டாள். ஈரக் கையைத் துடைக்கக்கூட இல்லை.

வேனில் திரும்பும்போது மற்ற பெண்கள் விடவில்லை.

"மொதலாளியம்மா, கொஞ்சம் நகுந்து குந்துங்க."

"மொதலாளியம்மா, தீவாளி போனஸ் எப்போ?"

"ஏய், மரியாதையா பேசு. மூட்டைய வாலாஜாபேட்டைக்கு திருப்பிடப் போறாங்க."

அம்மாவும் சிரித்தாள். வீட்டுக்கு வந்து, கேடயத்தை அரிசி டப்பாவுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு உட்கார்ந்தபோதுதான் அழுதாள். அவள் அழுது நான் அதிகம் பார்த்ததில்லை. "தெச்சவள்னு ஒரு வார்த்த எழுதிக் குடுக்க இவ்வளவு கஷ்டமா?" என்று மட்டும் கேட்டாள்.

குடும்பம் பார்த்துக்கொள்ளும் என்பதுதான் இந்தக் கொள்கையில் எழுதாமல் விட்ட பத்தி. கம்பெனி பார்க்காது, அரசாங்கம் பார்க்கக் கூடாது, சந்தைக்குக் கண் கிடையாது. மிச்சம் இருப்பது சம்பளம் வாங்கும் மகள். நான் பார்த்துக்கொள்கிறேன் என்று மறுபடியும் சொல்ல வாயெடுத்தேன். சொன்னால் அந்தப் பத்தியை நானே எழுதிக் கொடுத்ததாகும். அதனால் கேடயத்தை எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

விசாரிக்க வந்த எதிர்வீட்டு அக்காவும் அதை வாங்கிப் பார்த்தார். "இன்னா எழுதிக்கீறான், படி."

படித்தேன்.

"எங்கள் காலணின்னா யாரு காலணி?"

"கம்பெனி காலணி."

"அப்போ நாங்க அவங்க ஷூ தெக்கறோம்னு அவங்களே எழுதிக்கீறாங்க. சொந்தத் தொழிலுன்னு எழுதலையே."

அன்றைக்கே ஃபோனில் சட்டத்தைத் தேடிப் படித்தேன். நடுவில் ஒருவரை வைத்து வேலை வாங்கினாலும், அந்த வேலை யாருடைய ஃபேக்டரிக்காக நடக்கிறதோ அவர் பொறுப்பிலிருந்து நழுவ முடியாத சூழ்நிலைகளும் உண்டு என்று இருந்தது. வீட்டில் செய்யும் வேலைக்கு அது பொருந்துமா என்பது வாதிட்டுத்தான் தெரிய வேண்டும். வாதிட ஆதாரம் வேண்டுமே, அது இப்போது பித்தளையில் பொறித்து எங்கள் அரிசி டப்பாவுக்குப் பக்கத்தில் இருந்தது.

தைத்தவர்கள் தொழிலாளிகள்தான், கார்டு வேண்டும் என்று மனுவை நான்தான் எழுதினேன், எண் போட்டு. தைத்த பெண்கள் எல்லோரும் கையெழுத்துப் போட்டார்கள். பழைய வருடங்களில் தைத்தவள் என்று அம்மா இடது கையால் போட்டாள். கடைசியாக ஒருநாள் பாய் மொபட்டை ஓரமாக நிறுத்திவிட்டு வந்தார். மூட்டை இல்லாமல் அந்த மொபட் மெலிந்துபோனதுபோல இருந்தது.

"என் பேரையும் சேத்துக்கம்மா" என்றார்.

"நீ இன்னா பாய், ஏஜெண்டாச்சே" என்றார் அக்கா.

"ஏஜெண்டுன்னு அவங்கதான் சொன்னாங்க. மழையில நனைஞ்சி மூட்டை தூக்கனது நான்தான? நானும் தொழிலாளிதான், எழுதிக்க."

அவரையும் எழுதினேன். எங்கள் தெருவில் முதலாளி பதவி காலியாகிவிட்டது, யாரும் அதற்கு மனுச் செய்யவில்லை.

காப்பீட்டு அலுவலகத்துக்கு நானும் அம்மாவும் போனோம். அதிகாரி பொறுமையாக எல்லாவற்றையும் படித்தார். கேடயத்தின் படத்தையும் பார்த்தார். பிறகு அம்மாவை நிமிர்ந்து பார்த்து, "நீங்க இதுல முதலாளியாம்மா, தொழிலாளியா? ரெண்டு மாதிரியும் எழுதியிருக்கே" என்றார்.

அம்மா சேலைத் தலைப்பிலிருந்து வலது கையை எடுத்து அவர் மேசைமேல் வைத்தாள். கட்டைவிரலுக்குக் கீழே சதை வற்றிக் குழிந்திருந்தது. விரல்களில் டியூப் சுற்றிய இடத்தில் தோல் தடித்து மஞ்சளாக இருந்தது.

"நீங்களே பாத்து எழுதிக்கோங்க சார்" என்றாள்.

அவர் கையைப் பார்த்தார், மனுவைப் பார்த்தார், பெற்றுக்கொண்டதற்கு முத்திரை குத்திக் கொடுத்தார்.

இன்றைய நிலை இது. மனு விசாரணையில் இருக்கிறது. கம்பெனி பதிலுக்கு அவகாசம் கேட்டிருக்கிறது. மூட்டை இன்னும் நிற்கவில்லை. அம்மாவின் டேகில் இன்னும் எதிர்வீட்டு அக்காதான் தைக்கிறார், பட்டியலில் அம்மாதான் இன்னும் முதலிடம். ஆபரேஷனுக்கு அரசாங்க ஆஸ்பத்திரியில் பெயர் கொடுத்தாகிவிட்டது. அம்மா இடது கையால் சாப்பிடப் பழகியிருக்கிறாள். கார்டு வரவில்லை.